பின்ன வகுத்தல் வழிக்கணக்குகள்: எதை எதால் வகுப்பது என்பதிலிருந்து மீதியை எழுதுவது வரை

"ஏழரை மீட்டர் துணி இருக்கிறது. ஒரு ரவிக்கைக்கு 4/5 மீட்டர் வேண்டும். எத்தனை ரவிக்கை தைக்கலாம்? எவ்வளவு துணி மிஞ்சும்?"

மாலையில் என்னிடம் கணக்குப் படிக்க வரும் ஆறாம், ஏழாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு நான் முதலில் கொடுக்கும் கணக்கு இது. நன்றாகப் படிக்கும் பிள்ளைகள் இரண்டு நிமிடத்தில் 9⅜ என்று போட்டுவிடுவார்கள். "ஒன்பது ரவிக்கை மிஸ், ⅜ மீட்டர் மிச்சம்" என்று நோட்டை நீட்டுவார்கள். வகுத்தலில் ஒரு பிழையும் இருக்காது, ஆனால் விடையின் இரண்டாம் பாதி தப்பு. ஒன்பது ரவிக்கைக்கு 7 மீட்டர் 20 சென்டிமீட்டர் போய்விட்டால் கையில் இருப்பது 30 சென்டிமீட்டர்தான். ⅜ மீட்டர் என்றால் 37½ சென்டிமீட்டர். இல்லாத ஏழரை சென்டிமீட்டர் எங்கிருந்து வந்தது?

இந்தக் கேள்விக்குப் பதில் தெரிந்த பிள்ளைக்குப் பின்ன வகுத்தல் புரிந்துவிட்டது என்று சொல்லிவிடலாம். "தலைகீழாக்கிப் பெருக்கு" என்ற ஒரு வரியை யாரும் ஐந்து நிமிடத்தில் மனப்பாடம் செய்யலாம். வழிக்கணக்கில் பிள்ளைகள் தடுமாறுவது அந்த வரிக்கு முன்னாலும் பின்னாலும்தான். எதை எதால் வகுப்பது என்பது முன்னால் வரும் சிக்கல், வந்த விடை எதைக் குறிக்கிறது என்பது பின்னால் வரும் சிக்கல். அதனால் இந்த வழிகாட்டியில் அந்த இரண்டுக்கும்தான் அதிக இடம்.

கணக்கு எதைக் கேட்கிறது?

வகுத்தல் வழிக்கணக்குகள் எத்தனை வேஷம் போட்டு வந்தாலும் உள்ளே இருப்பவை இரண்டே கேள்விகள்.

முதல் கேள்வி: இதற்குள் அது எத்தனை தடவை அடங்கும்? துணிக்குள் எத்தனை ரவிக்கை, எண்ணெய்க்குள் எத்தனை பாட்டில், மாவுக்குள் எத்தனை பொட்டலம்.

இரண்டாவது கேள்வி: ஒன்றுக்கு எவ்வளவு? ஒரு கிலோ என்ன விலை, ஒரு மணிக்கு எத்தனை கிலோமீட்டர், ஒரு வீட்டுக்கு எவ்வளவு இனிப்பு.

கணக்கைப் படித்தவுடன் எண்களை விட்டுவிட்டு அவற்றின் அலகுகளைப் பாருங்கள். இரண்டு எண்ணுக்கும் ஒரே அலகு இருந்தால் (மீட்டர், மீட்டர்) அநேகமாக அது "எத்தனை தடவை" கணக்கு. அலகுகள் வேறு வேறாக இருந்தால் (ரூபாய், கிலோ) அது "ஒன்றுக்கு எவ்வளவு" கணக்கு. ஒன்று கிராமிலும் இன்னொன்று கிலோவிலும் இருந்தால் முதலில் இரண்டையும் ஒன்றாக்கிக்கொண்டு பிறகு பாருங்கள்.

எதை எதால் வகுப்பது?

முழு எண் கணக்குகளில் பிள்ளைகளுக்கு ஒரு பழக்கம் ஒட்டிக்கொள்கிறது: பெரிய எண்ணைச் சின்ன எண்ணால் வகுப்பது. 24 மாம்பழத்தை 6 பேருக்குப் பங்கிடும் வரை அது உதவியது. பின்னத்துக்கு வந்ததும் அதுவே குழிபறிக்கிறது.

"எத்தனை தடவை" கணக்கில் வகுக்கும் எண் என்பது ஒரு துண்டின் அளவு. ஒரு ரவிக்கைக்கு 4/5 மீட்டர் என்றால் 4/5-ஆல் வகுக்க வேண்டும். மொத்தம் எப்போதும் வகுபடும் எண். மொத்தம் துண்டைவிடச் சிறியதாக இருந்தாலும் அப்படித்தான். பாயசத்துக்குச் செய்முறை ஒன்றரை லிட்டர் பால் கேட்கிறது, வீட்டில் இருப்பதோ இரண்டு அரை லிட்டர் பாக்கெட், அதாவது ஒரு லிட்டர். செய்முறையில் எத்தனை பங்கு செய்யலாம்? 1 ÷ 1½. விடை ⅔. முழு ஒரு தடவைகூடச் செய்ய முடியாது என்பதால் விடை ஒன்றுக்குக் கீழே வருவதுதான் நியாயம். அரிசி முக்கால் டம்ளர் என்று எழுதியிருந்தால் அதில் மூன்றில் இரண்டு பங்கு, அரை டம்ளர் போட்டால் போதும். இதை 1½ ÷ 1 என்று போட்ட பிள்ளைக்கு ஒன்றரை என்று வரும். இருக்கிற பாலில் ஒன்றரை மடங்கு பாயசம் எப்படி வைப்பது?

"ஒன்றுக்கு எவ்வளவு" கணக்கில் கேள்வியையே உற்றுப் பார்த்தால் போதும். கேள்வியில் "ஒரு" என்ற சொல்லுக்குப் பின்னால் எந்த அலகு வருகிறதோ அதன் எண்தான் வகுக்கும் எண். ஒரே தகவலை வைத்து இரண்டு கேள்வி கேட்டால் இது பளிச்சென்று தெரியும்.

ஒரு டிராக்டர் 2¼ மணி நேரத்தில் 1½ ஏக்கர் உழுகிறது.

ஒரு மணிக்கு எவ்வளவு ஏக்கர்? "ஒரு"வுக்குப் பின்னால் மணி. எனவே ஏக்கரை மணியால் வகுக்க வேண்டும்: 1½ ÷ 2¼ = 3/2 × 4/9 = ⅔ ஏக்கர்.

ஒரு ஏக்கருக்கு எவ்வளவு நேரம்? "ஒரு"வுக்குப் பின்னால் ஏக்கர். இப்போது மணியை ஏக்கரால்: 2¼ ÷ 1½ = 9/4 × 2/3 = 1½ மணி நேரம்.

இரண்டு விடைகளும் ஒன்றுக்கொன்று தலைகீழி, ⅔-உம் 3/2-உம். இதைப் பிள்ளைகள் தாங்களாகவே கண்டுபிடிக்கும்போது அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும். அதனால் நான் முந்திக்கொண்டு சொல்வதில்லை, நீங்களும் கொஞ்சம் பொறுத்திருங்கள்.

பேனாவை எடுக்கும் முன் ஒரு தோராயம்

ஒன்றைவிடச் சிறிய எண்ணால் வகுத்தால் விடை வகுபடும் எண்ணைவிடப் பெரிதாகும். ஒன்றைவிடப் பெரிய எண்ணால் வகுத்தால் சிறிதாகும். நம் ரவிக்கைக் கணக்கில் 4/5 என்பது ஒன்றுக்கு உள்ளே, ஆனால் ஒன்றுக்கு மிக அருகே. ஆகவே விடை ஏழரையைவிடப் பெரிதாக, ஆனால் பதினைந்து இருபது என்று போகாமல் இருக்க வேண்டும். 9⅜ பொருந்துகிறது. எவராவது மறந்துபோய்ப் பெருக்கிவிட்டால் 6 என்று வரும். ஏழரையைவிடக் குறைவு என்றதுமே அது தப்பு என்று தெரிந்துவிடும்.

இதை நோட்டின் ஓரத்தில் ஒரு வரியாக எழுதச் சொல்லுங்கள்.

கலப்பு பின்னத்தைத் தகா பின்னமாக்குதல்

கலப்பு பின்னத்துக்குள் ஒரு கூட்டல் ஒளிந்திருக்கிறது. 3¾ என்பது 3 + ¾. தமிழில் நாம் அதைச் சொல்லும்போதே அந்தக் கூட்டல் காதில் விழுகிறது: மூன்றேமுக்கால், ஒன்றேகால். எழுத்தில் பக்கத்தில் பக்கத்தில் நிற்பதால் பெருக்கல் என்று நினைப்பவர்களும் உண்டு, முழு எண்ணை முழு எண்ணாலும் பின்னத்தைப் பின்னத்தாலும் தனித்தனியே வகுப்பவர்களும் உண்டு. பின்னதுதான் அதிகம். 6½ ÷ 2¼ என்றால் 6 ÷ 2 = 3, ½ ÷ ¼ = 2, ஆக 3-உம் 2-உம் சேர்ந்து 5 என்று ஒரு பெண் மிகுந்த நம்பிக்கையோடு எழுதியிருந்தாள். "இரண்டேகாலை அஞ்சு தடவை வெச்சுப் பாரும்மா" என்றேன். பதினொன்றேகால் வந்தது. தானே அடித்துவிட்டு மறுபடி போட்டாள். சரியான விடை 13/2 × 4/9 = 26/9, அதாவது 2 8/9.

மாற்றும் முறை எல்லோருக்கும் தெரிந்தது: முழு எண்ணைப் பகுதியால் (பின்னத்தில் கீழே இருக்கும் எண்) பெருக்கித் தொகுதியைக் (மேலே இருக்கும் எண்) கூட்டுங்கள், பகுதியை அப்படியே வையுங்கள். 3¾-இல் 3 × 4 + 3 = 15, ஆக 15/4. வகுக்கும் எண் முழு எண்ணாக இருந்தால் அதன் கீழே 1 போட்டுக்கொள்ளுங்கள்: 6 என்பது 6/1.

வகுக்க இரண்டு வழி

முதல் வழியைப் பள்ளியில் அதிகம் சொல்லித் தருவதில்லை. எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். இரண்டு பின்னங்களையும் ஒரே பகுதிக்குக் கொண்டுவந்துவிட்டால் மேலே இருக்கும் எண்களை மட்டும் வகுத்தால் போதும்.

மூன்றேமுக்கால் கிலோ இட்லி அரிசி ஊறியிருக்கிறது. கிரைண்டரில் ஒரு தடவைக்கு ஒன்றேகால் கிலோ போடலாம். எத்தனை தடவை ஆட்ட வேண்டும்? மூன்றேமுக்கால் என்பது பதினைந்து கால். ஒன்றேகால் என்பது ஐந்து கால். பதினைந்துக்குள் ஐந்து எத்தனை தடவை? மூன்று. கால் என்பது கிலோவின் காலா, லிட்டரின் காலா என்பதுகூட இங்கே பொருட்டில்லை. பதினைந்து வாழைப்பழத்தை ஐந்தைந்தாகச் சீப்பு பிரிப்பது போலத்தான்.

முன்னோர் படியிலும் உழக்கிலும் அளந்த காலத்தில் கணக்கு இப்படித்தான் போயிருக்கும். இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு, இரண்டு உழக்கு ஓர் உரி, இரண்டு உரி ஒரு படி. அப்படியானால் ஒரு படிக்கு எட்டு ஆழாக்கு, மூன்றரைப் படிக்கு இருபத்தெட்டு. 3½ ÷ ⅛ என்று எழுதாமலே விடை வந்துவிட்டது.

பகுதிகள் வேறாக இருந்தால் மீச்சிறு பொது மடங்கு எடுத்து ஒன்றாக்குங்கள். 7½ ÷ 4/5-ஐ எடுத்தால், 15/2 என்பது 75/10, 4/5 என்பது 8/10. ஆக 75 ÷ 8 = 9⅜.

இரண்டாவது வழி நமக்கெல்லாம் தெரிந்த தலைகீழாக்கிப் பெருக்குதல். இது ஏன் சரியாக வருகிறது என்று கேட்காமல் விட்டுவிடாதீர்கள். காய்கறிக் கடையே சொல்லிவிடும். முக்கால் கிலோ கத்தரிக்காய் 36 ரூபாய், ஒரு கிலோ என்ன விலை? 36 ÷ ¾. கடைக்காரர் மனத்துக்குள் என்ன செய்வார்? முக்காலில் மூன்று கால் இருக்கிறது, ஆக 36-ஐ மூன்றால் வகுத்தால் கால் கிலோ விலை: 12 ரூபாய். ஒரு கிலோவில் நான்கு கால், ஆக 12-ஐ நான்கால் பெருக்கினால் 48 ரூபாய். மூன்றால் வகுத்தார், நான்கால் பெருக்கினார். அதாவது 4/3-ஆல் பெருக்கினார். ¾ தலைகீழாகி 4/3 ஆனது இப்படித்தான்.

வகுக்கும் பின்னத்தின் தொகுதியையும் பகுதியையும் இடம் மாற்றிப் பெருக்கும் விதியைப் பிரம்மகுப்தர் 628-லேயே எழுதிவைத்திருக்கிறார். ஆயிரத்து நானூறு வருஷமாக ஓடும் விதியைக் காரணம் தெரியாமல் பயன்படுத்துவது எனக்கு வருத்தமாக இருக்கும், அதனால்தான் கத்தரிக்காயை விடாமல் பிடித்துக்கொள்கிறேன்.

தலைகீழாவது வகுக்கும் எண் மட்டும்தான், அதாவது ÷ குறிக்கு வலப்பக்கம் இருப்பது. சுருக்குவதற்கு எண்களை அடிப்பதும் தலைகீழாக்கிய பிறகுதான். 9/4 ÷ 2/3 என்று இருக்கும்போதே 9-ஐயும் 3-ஐயும், 4-ஐயும் 2-ஐயும் குறுக்கே அடித்துவிட்டால் 3/2 என்று வரும். சரியான விடை 9/4 × 3/2 = 27/8, அதாவது 3⅜.

விடை எதைக் குறிக்கிறது?

இப்போது அந்த ஏழரை சென்டிமீட்டருக்குத் திரும்பலாம்.

7½ ÷ 4/5 = 15/2 × 5/4 = 75/8 = 9⅜. இந்த 9⅜ எதன் எண்ணிக்கை? மீட்டரா? கேள்வி "எத்தனை ரவிக்கை" என்பது. ஆகவே 9⅜ ரவிக்கை. ஒன்பதும் ரவிக்கைதான், ⅜-உம் ரவிக்கைதான். மிஞ்சியிருப்பது ஒரு ரவிக்கைக்கு வேண்டிய துணியில் எட்டில் மூன்று பங்கு. அதை மீட்டராக்க ⅜ × 4/5 = 3/10. மீட்டரில் பத்தில் மூன்று பங்கு, அதாவது 30 சென்டிமீட்டர். கணக்கு நேராகிவிட்டது.

"எத்தனை தடவை" கணக்கில், ஈவில் (வகுத்து வரும் விடையில்) இருக்கும் பின்னம் எப்போதும் வகுக்கும் எண்ணின் பங்கு. அது மொத்தத்தின் அலகில் இருக்காது. மீதியைக் கேட்டால் அந்தப் பின்னத்தை வகுக்கும் எண்ணால் பெருக்குங்கள். சந்தேகமாக இருந்தால் வேறு வழியிலும் பார்க்கலாம்: 9 × 4/5 = 36/5 = 7 1/5, அதை 7½-இலிருந்து கழித்தால் 3/10. இரண்டும் ஒன்றாக வராவிட்டால் எங்கோ தவறு.

விடையை மேலே ஏற்றுவதா கீழே இறக்குவதா என்பதும் கதையைப் பொறுத்தது. ஐந்தரை லிட்டர் நல்லெண்ணெயை முக்கால் லிட்டர் பாட்டில்களில் ஊற்ற வேண்டும். இருபத்திரண்டு காலை மூன்று காலால் வகுத்தால் 7⅓. எத்தனை பாட்டில் முழுதாக நிறையும் என்றால் 7. எல்லா எண்ணெயையும் ஊற்ற எத்தனை பாட்டில் வேண்டும் என்றால் 8. கடைசிப் பாட்டிலில் எவ்வளவு எண்ணெய் என்றால் ⅓ × ¾ = கால் லிட்டர். ஒரே வகுத்தலுக்கு மூன்று வெவ்வேறு விடைகள், மூன்றும் சரி. தேர்வில் 7⅓ பாட்டில் என்று எழுதினால் மதிப்பெண் போகும், போவதும் நியாயம்தான். "ஒன்றுக்கு எவ்வளவு" கணக்கில் இந்தத் தொல்லை இல்லை: 2¼ கிலோ இனிப்பை 6 வீட்டுக்குக் கொடுத்தால் வீட்டுக்கு 9/4 × 1/6 = ⅜ கிலோ, 375 கிராம். அங்கே பின்னம் அப்படியே நிற்கலாம்.

பெருக்கலா வகுத்தலா என்ற குழப்பம்

தமிழில் "இல்" என்ற ஓர் உருபு இரண்டு வேலை செய்கிறது. "ஆறில் பாதி எவ்வளவு?" என்றால் 6 × ½ = 3. "ஆறில் எத்தனை அரை இருக்கிறது?" என்றால் 6 ÷ ½ = 12. "எவ்வளவு", "எத்தனை" என்ற சொற்களைக் கவனித்தால் பெரும்பாலும் தப்பித்துவிடலாம். ஆனால் சொல்லை மட்டும் நம்பக் கூடாது. முழுமை தெரிந்து பங்கைக் கேட்டால் பெருக்கல், பங்கு தெரிந்து முழுமையைக் கேட்டால் வகுத்தல். தொட்டியில் ⅝ பங்கு தண்ணீர் இருக்கிறது, அது 625 லிட்டர் என்றால், ஒரு முழுத் தொட்டிக்கு எவ்வளவு? 625 ÷ ⅝ = 625 × 8/5 = 1000 லிட்டர். "பங்கு" என்ற சொல்லைப் பார்த்ததும் பெருக்கிவிடும் பிள்ளைகளுக்கு 390 சொச்சம் வரும். இருக்கிற தண்ணீரைவிடத் தொட்டி சின்னதாகுமா என்று கேளுங்கள், வேறொன்றும் சொல்ல வேண்டியதில்லை.

இன்னொரு குழப்பம் பெரியவர்களுக்கும் வருவது: அரையால் வகுப்பதும் பாதியாக்குவதும் ஒன்று என்று நினைப்பது. லிபிங் மா என்ற கல்வி ஆய்வாளர் அமெரிக்கத் தொடக்கப்பள்ளி ஆசிரியர்கள் 23 பேரிடம் 1¾ ÷ ½-க்கு ஒரு வழிக்கணக்கு உருவாக்கச் சொன்னார். 1999-இல் வெளியான அந்த ஆய்வின்படி கருத்துப் பிழையில்லாத கதை சொன்னவர் ஒரே ஒருவர். பலர் ஒன்றேமுக்காலை இரண்டு பேருக்குப் பங்கிட்டார்கள், அது 1¾ ÷ 2.

ஆகவே கணக்குப் போடத் தெரிந்த பிள்ளைக்கு ஒருநாள் எண்களை மட்டும் கொடுத்துக் கதையைக் கேளுங்கள். என்னிடம் படிக்கும் ஒரு பையன் 1¾ ÷ ½-க்கு முதலில் "ஒண்ணேமுக்கால் மாம்பழம், ரெண்டு பேரு" என்றுதான் ஆரம்பித்தான். விடை மூன்றரை வர வேண்டுமே என்றதும் யோசித்தான். மறுநாள் வந்து, "மிஸ், ஒண்ணேமுக்கால் லிட்டர் பால் இருக்கு, பூனை ஒரு நாளைக்கு அரை லிட்டர் குடிக்கும், எத்தன நாளைக்கு வரும்?" என்றான். அரை லிட்டர் குடிக்கிற பூனை கொஞ்சம் பெரிய பூனைதான், ஆனால் கணக்கு அப்பழுக்கில்லாதது.

போட்டுப் பார்க்க

விடைகள் கீழே இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் முதலில் அலகைப் பாருங்கள், தோராயத்தை ஓரத்தில் எழுதுங்கள், பிறகு போடுங்கள்.

1. பத்தரை அடி மரச்சட்டத்தை ஒன்றேமுக்கால் அடித் துண்டுகளாக அறுத்தால் எத்தனை துண்டு? (அறுக்கும்போது தேயும் மரத்தைக் கணக்கில் எடுக்க வேண்டாம்.)

2. ஒரு ஸ்கூட்டர் ஒன்றேமுக்கால் லிட்டர் பெட்ரோலில் 84 கிலோமீட்டர் ஓடியது. ஒரு லிட்டருக்கு எவ்வளவு? ஒரு கிலோமீட்டருக்கு எவ்வளவு பெட்ரோல்?

3. ஆறேகால் கிலோ முறுக்கு மாவை 2/5 கிலோ பொட்டலங்களாகக் கட்டினால் எத்தனை முழுப் பொட்டலம்? எத்தனை கிராம் மிஞ்சும்?

4. ஊருக்குள் 2 2/5 கிலோமீட்டர் சாலையில் ⅝ பங்கு போட்டு முடித்துவிட்டார்கள். போட்ட நீளம் எவ்வளவு?

5. பக்கத்து ஊரில் சாலையில் ⅝ பங்கு முடிந்துவிட்டது, முடிந்த நீளம் ஒன்றரை கிலோமீட்டர். முழுச் சாலையின் நீளம் எவ்வளவு?

முதலாவது: 21/2 × 4/7 = 6 துண்டு, மீதி இல்லை. இரண்டாவது: 84 × 4/7 = 48 கிலோமீட்டர்; ஒரு கிலோமீட்டருக்கு 7/4 × 1/84 = 1/48 லிட்டர். மூன்றாவது: 25/4 × 5/2 = 125/8 = 15⅝, ஆகவே 15 பொட்டலம், மிஞ்சுவது ⅝ × 2/5 = ¼ கிலோ, 250 கிராம். ⅝ கிலோ, அதாவது 625 கிராம் என்று எழுதியிருந்தால் ரவிக்கைக் கணக்கை இன்னொரு தடவை படியுங்கள். நான்காவது பெருக்கல்: 12/5 × 5/8 = ஒன்றரை கிலோமீட்டர். ஐந்தாவது வகுத்தல்: 3/2 ÷ 5/8 = 3/2 × 8/5 = 12/5, அதாவது 2 2/5 கிலோமீட்டர். நான்கும் ஐந்தும் ஒரே சாலையைத்தான் இரண்டு முனையிலிருந்து கேட்கின்றன.